ஆனந்த் பட்வர்தனின் ஐம்பது ஆண்டுகள்: படம் முடிந்த பிறகு இயக்குநருக்கு என்ன வேலை?

திரைக்கடல்:

கடினமான சமூகப் பிரச்சினைகளை எடுக்கும் ஆவணப்படக்காரர்களைப் பற்றிப் பேச்சு வந்தாலே கடைசியில் ஒரே கேள்வியில் போய் முட்டிக்கொள்கிறோம். "படம் எடுத்தார், விருது வாங்கினார், அந்த ஜனங்களுக்கு என்ன கிடைத்தது?" நியாயமான கேள்விதான். பொத்தாம்பொதுவாகப் பேசாமல் ஒருவருடைய வாழ்நாள் வேலை முழுவதையும் எடுத்து வைத்துக்கொண்டு பேசினால் ஏதாவது தெளியும் என்று தோன்றியது. அதனால் ஆனந்த் பட்வர்தன்.

1950இல் பம்பாயில் பிறந்தவர். 1974இல் ஜெயப்பிரகாஷ் நாராயணனின் பீகார் இயக்கத்தைப் படம்பிடிக்கப் போனதுதான் தொடக்கம். அந்தப் படம் நாலு பேரைச் சேர்வதற்குள் நெருக்கடி நிலை வந்துவிட்டது. பிரதியைத் துண்டு துண்டாக்கி வெளிநாட்டுக்குக் கொண்டுபோனார்கள். நெருக்கடி நிலை முடிந்ததும் அரசியல் கைதிகளைப் பற்றி ஒரு படம். நடுவில் கனடாவில், பிரிட்டிஷ் கொலம்பியாவில் இந்திய வம்சாவளிப் பண்ணைத் தொழிலாளர்கள் சங்கம் கட்டிய கதை. பிறகு 1985இல் 'ஹமாரா ஷஹர்', பம்பாய்க் குடிசைகள் இடிக்கப்பட்டதைப் பற்றியது.

'ஹமாரா ஷஹர்' படத்தில் ஒரு காட்சியை இங்கே பலரும் பார்த்திருப்பீர்கள். குடிசையை இழந்து நிற்கிற ஒரு பெண் கேமராவைப் பார்த்தே திட்டுகிறார். ஏழைகளைப் படம் பிடித்துப் பேர் வாங்கத்தானே வந்தீர்கள், உங்களால் எங்களுக்கு என்ன ஆகப்போகிறது என்கிற பொருளில். பட்வர்தன் அதை வெட்டவில்லை. படத்திலேயே இருக்கிறது. நாம் இன்று கேட்கிற கேள்வியை அந்தப் பெண் அன்றே, அவர் முகத்துக்கு நேராகக் கேட்டுவிட்டார்.

என் தரப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்தக் கேள்விக்கு ஒரு படத்துக்குள் பதில் சொல்ல முடியாது. அதற்கு அடுத்த முப்பது நாற்பது வருடம் அவர் என்ன செய்தார் என்பதில்தான் பதில் இருக்கிறது. வழக்கு போட்டார், 'சால்' எனப்படும் பம்பாய்த் தொழிலாளர் குடியிருப்புகளிலும் சேரிகளிலும் திரை கட்டினார், பழைய படத்தில் வந்த மனிதர்களிடம் திரும்பத் திரும்பப் போனார். அதனால்தான் அவர் எனக்கு முக்கியமானவர். மறுப்பு இருப்பவர்கள் சொல்லுங்கள்.


காக்கைச்சிறகு:

மறுப்பு இருக்கிறது. அவர் மேல் மரியாதை வைத்துக்கொண்டே சொல்கிறேன்.

ஒன்று, அவர் படங்களை யார் பார்க்கிறார்கள்? பெரும்பாலும் ஏற்கெனவே ஒப்புக்கொண்டவர்கள்தான். மதவாதத்தை எதிர்க்கிறவன் அயோத்திப் பிரச்சினை பற்றிய 'ராம் கே நாம்' பார்த்துவிட்டு இன்னும் உறுதியாக எதிர்க்கிறான். மாற வேண்டியவன் அரங்கத்துக்கே வருவதில்லை, வந்தாலும் கல்லெறியத்தான் வருகிறான்.

இரண்டு, அவர் கேள்வி கேட்கிற முறை. அயோத்திக்குக் கிளம்பிய இளைஞர்களிடம் ராமர் எந்த நூற்றாண்டில் பிறந்தார் என்று கேட்கிறார். அவர்கள் முழிக்கிறார்கள். அரங்கம் சிரிக்கிறது. படித்த நகரத்துக்காரர் ஒருவர், படிக்க வாய்ப்பில்லாத பையன்களைக் கேமராவுக்கு முன்னால் நிறுத்திக் கேட்கிற கேள்வியா அது? அவர் குடும்பம் எப்படிப்பட்டது என்று எல்லோருக்கும் தெரியும். பெரியப்பா அச்யுத் பட்வர்தன் 1942 போராட்டத்தின் தலைமறைவுத் தலைவர். அம்மா சாந்திநிகேதனில் படித்த மட்பாண்டக் கலைஞர். அந்தப் பின்னணி ஒரு தைரியத்தைத் தரும், ஒரு தூரத்தையும் தரும்.


சட்டப்புத்தகம்:

"மாற வேண்டியவன் அரங்கத்துக்கே வருவதில்லை" என்கிறீர்கள். சரி, அப்படியானால் அவன் வீட்டுக்கே படத்தைக் கொண்டுபோவது எப்படி? 80களிலும் 90களிலும் அதற்கு முக்கியமான வழி தூர்தர்ஷன். பட்வர்தன் ஆண்டுக்கணக்காக மோதியது அந்தக் கதவில்தான். அவருடைய வாழ்க்கையில் பாதி, சட்ட மாணவர்கள் படிக்க வேண்டிய வழக்கு வரலாறு. கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

பின்னணி முதலில். 1952ஆம் ஆண்டு ஒளிப்பதிவுச் சட்டப்படி பொதுவில் திரையிட எந்தப் படத்துக்கும் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். ஆவணப்படத்துக்கும்தான். பத்திரிகைக்கு இல்லாத முன்தணிக்கை சினிமாவுக்கு மட்டும் ஏன் என்று கே.ஏ.அப்பாஸ் உச்ச நீதிமன்றம் போனார். அதுவும் ஒரு ஆவணப்பட வழக்குதான். 1970இல் வந்த தீர்ப்பு முன்தணிக்கை செல்லும் என்றது. சினிமா மனதை வேகமாகக் கிளறிவிடும் என்பது அதன் அடிப்படை வாதம். இன்றுவரை அந்தத் தீர்ப்பின் நிழலில்தான் எல்லோரும் படம் எடுக்கிறார்கள்.

அப்புறம் 1989. இது நம் ஊர்ச் சங்கதி. 'ஒரே ஒரு கிராமத்திலே' என்ற தமிழ்ப்படத்துக்குக் கொடுத்த சான்றிதழைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் ரங்கராஜன் வழக்கில் அதை மாற்றியது. ஆர்ப்பாட்டம் நடக்கும், வன்முறை வரும் என்று மிரட்டல் இருப்பதைக் காட்டிக் கருத்துச் சுதந்திரத்தை ஒடுக்க முடியாது, பாதுகாப்புக் கொடுப்பது அரசின் கடமை என்று சொன்ன தீர்ப்பு அது. இதற்குப் பிறகு வந்த படத்தடை வழக்குகளில் திரும்பத் திரும்ப மேற்கோள் காட்டப்படுவது இதுதான்.

இப்போது பட்வர்தன். அவர் பிடித்துக்கொண்ட நூல் இதுதான்: தேசிய விருது கொடுத்து ஓர் அரசு பாராட்டிய படத்தை, அதே அரசின் தொலைக்காட்சி எந்தக் காரணத்தைச் சொல்லி மறுக்கும்? 'ராம் கே நாம்' சிறந்த புலனாய்வுப் படத்துக்கான தேசிய விருது வாங்கியது. தூர்தர்ஷன் போட மறுத்தது. உயர் நீதிமன்றம் வரை போய், 1997இல்தான் தேசிய அலைவரிசையில் வந்தது. எடுத்தது 1990இல், மசூதி இடிபட்டது 1992 டிசம்பர் 6. நாடு பார்த்திருக்க வேண்டிய நேரத்தில் பார்க்கவில்லை. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வருகிறது.

அடுத்து, ஆண்மை பற்றிய கற்பனைகளுக்கும் மத வன்முறைக்கும் உள்ள உறவைப் பேசிய 'பித்ர, புத்ர அவுர் தர்மயுத்த'. இரண்டு பாகம். ஒன்றுக்கு 'யு', இன்னொன்றுக்கு 'ஏ' சான்றிதழ். 'ஏ' சான்றிதழையும் காரணமாகக் காட்டித் தூர்தர்ஷன் மறுத்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய் 2006 ஆகஸ்டில் முடிந்தது. எட்டு வாரத்துக்குள் ஒளிபரப்பு என்று உத்தரவு. அங்கொன்றும் இங்கொன்றுமாக ஒரு காட்சியைப் பிய்த்து எடுத்து எடைபோடக் கூடாது, படத்தை முழுமையாகப் பார்த்து அதன் மொத்தத் தாக்கத்தை வைத்துத்தான் முடிவெடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. படம் 90களின் நடுவில் வந்தது. ஒளிபரப்புக்காகப் பத்து வருடத்துக்கு மேல் ஒரு மனிதர் படியேறினார்.

பொக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பிறகு எடுத்த 'ஜங் அவுர் அமன்' படத்துக்குத் தணிக்கைக் குழு 21 வெட்டுகள் கேட்டது. ஒரு வெட்டுக்கும் ஒப்புக்கொள்ளவில்லை. 2003இல் பம்பாய் உயர் நீதிமன்றம் வெட்டே இல்லாமல் சான்றிதழ் தரச் சொன்னது.

இவை எல்லாம் அவருடைய படங்களுக்கு மட்டும் கிடைத்த வெற்றி இல்லை. பெயரே தெரியாத ஓர் இயக்குநர் நாளைக்கு இந்தத் தீர்ப்புகளைக் கையில் வைத்துக்கொண்டு வாதாடலாம். "அந்த ஜனங்களுக்கு என்ன கிடைத்தது" என்கிற கணக்கில் இதையும் சேருங்கள்.


காக்கைச்சிறகு:

சட்டப்புத்தகம், நன்றி. இவ்வளவு கோர்வையாக நான் எங்கும் படித்ததில்லை. ஆனால் என் இரண்டாவது கேள்வி அப்படியே இருக்கிறது. கேள்வி கேட்கிற முறை.


ஒலிப்பதிவாளன்:

அதற்கு நான் வருகிறேன். தொழில் பக்கத்திலிருந்து.

16 எம்எம் ஃபிலிமில் 400 அடிச் சுருள் ஒன்று ஓடுவது ஏறக்குறைய 11 நிமிடம். சுருள் விலை அதிகம், கழுவுகிற செலவு தனி, ஒலி தனியாக நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியில். அந்தக் காலத்தில் ஒரு மனிதரை உட்கார வைத்து நிதானமாகப் பேசவிடுவது பெரிய ஆடம்பரம். சட்டென்று விஷயத்துக்குப் போகிற கேள்விதான் கேட்க முடியும். பட்வர்தன் கேமராவைத் தானே பிடிப்பார், பின்னாலிருந்து தானே கேட்பார், படத்தொகுப்பும் தானே. அதனால் அவர் கேள்விகள் குறுக்குவிசாரணை மாதிரிக் கேட்பது உண்மைதான்.

ஆனால் 'ராம் கே நாம்' படத்தில் அந்தப் பையன்களை மட்டும் அவர் கேட்கவில்லை. தலைவர்களையும் அதே குரலில், அதே நேரடித்தன்மையோடு கேட்கிறார். ஊர் மக்களிடம் பேசும்போது குரல் தணிகிறது, நிறையக் கேட்டுக்கொள்கிறார். அயோத்தியில் நீதிமன்றம் நியமித்த பூசாரி லால்தாஸ் பேசுகிற இடத்தைத் திரும்பப் பாருங்கள். கேமரா அவரை விட்டு நகர்வதே இல்லை. கோயிலை வைத்து நடப்பது அரசியல், பணம் என்று ஒரு பூசாரி அமைதியாகச் சொல்கிறார். பின்னணி இசை கிடையாது, விளக்கக் குரல் கிடையாது. பார்வையாளனுக்கு இதைப் புரியவைக்க வேண்டும் என்ற பதற்றம் இயக்குநருக்குத் துளியும் இல்லை.

அரங்கம் சிரிப்பது பற்றி. அது அரங்கத்தின் குணம். நான் பார்த்த ஒரு திரையிடலில் அந்த இடத்தில் யாரும் சிரிக்கவில்லை. பார்த்தவர்கள் முக்கால்வாசிப் பேர் அதே வயதுப் பையன்கள்.


திரைக்கடல்:

லால்தாஸ் பெயர் வந்ததால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். 1993 நவம்பரில் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். அதற்கு முன்பே பூசாரிப் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டிருந்தார். படத்தால்தான் கொலை என்று நான் சொல்ல வரவில்லை. கேமரா வருவதற்கு முன்பும் அவர் ஊரறியப் பேசிக்கொண்டிருந்தவர்தான். ஆனால் இப்படிப் படம் எடுக்கிற எவரும் தூக்கம் கெட யோசிக்க வேண்டிய விஷயம் இது. நாம் படத்தை முடித்துவிட்டு ஊர் திரும்பிவிடுவோம். பேசியவர் அதே தெருவில் இருப்பார்.

முகத்தை மறைப்பது, குரலை மாற்றுவது என்பதெல்லாம் இப்போது சாதாரணம். ஆனால் லால்தாஸ் போன்ற ஒருவரின் பேச்சுக்குப் பலமே முகத்தோடு பேசுவதில்தான். மறைத்தால் அது யாரோ சொன்னதாகிவிடும். அவருக்கு ஆபத்து தெரிந்தே பேசினார் என்றால், அந்தத் துணிச்சலை மறைக்க நமக்கு உரிமை உண்டா? எனக்கு இதற்கு முழுப் பதில் கிடைக்கவில்லை. ஆனால் அந்தப் படத்தை இன்றுவரை ஓடவிடுவது அவர் பேச்சுக்குச் செய்கிற குறைந்தபட்சக் கடமை என்று நினைக்கிறேன்.


செம்மண்தெரு:

இவ்வளவு நேரம் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். 'ஜெய் பீம் காம்ரேட்' பற்றி யாரும் பேசவில்லையே.

1997 ஜூலை 11. மும்பை காட்கோபர், ரமாபாய் நகர். அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்தார்கள். கூடிய மக்கள் மீது போலீஸ் சுட்டதில் பத்துப் பேர் செத்தார்கள். சில நாளில் விலாஸ் கோக்ரே என்ற பாடகர் தூக்குப்போட்டுக்கொண்டார். இந்த விலாஸ் யார் என்றால், 'ஹமாரா ஷஹர்' படத்தில் பாடியவர். பட்வர்தனுக்குப் பழக்கமானவர். இடதுசாரி மேடையில் பாடி வந்தவர், சாகும்போது தலையில் அம்பேத்கர் இயக்கத்தின் நீலத்துணி கட்டியிருந்தார்.

அங்கிருந்து தொடங்கி 14 வருடம். படம் 2011இல் முடிந்தது. மூன்று மணி நேரத்துக்கு மேல். துப்பாக்கிச்சூட்டு வழக்கு நீதிமன்றத்தில் எப்படி இழுத்தது, சுட உத்தரவிட்ட அதிகாரிக்கு 2009இல் ஆயுள் தண்டனை வந்தும் எப்படி அவர் ஜாமீனில் வந்தார் என்பது ஒரு பக்கம். இன்னொரு பக்கம் பாட்டு, பாட்டு, பாட்டு. சேரியில் பெண்கள் பாடுகிறார்கள், சாஹிர்கள் எனப்படும் மராத்தி மக்கள் பாடகர்கள் பாடுகிறார்கள், புனேயின் கபீர் கலா மஞ்ச் கலைக்குழு இளைஞர்கள் பாடுகிறார்கள்.

எனக்கு அந்தப் படத்தில் பெரிய மனத்தாங்கல் ஒன்று உண்டு. அதைச் சொல்லாமல் பாராட்ட முடியாது. சாதியை அனுபவிக்காத ஒருவர், தலித் அரசியலும் கம்யூனிசமும் எங்கே சேர வேண்டும், எங்கே தடுமாறின என்று கணக்கு எழுதுகிறார். தலைப்பிலேயே அந்த ஆசை தெரிகிறது. எங்கள் வீட்டுச் சண்டையை நாங்கள் பேசிக்கொள்ள முடியாதா என்று முதல் தடவை பார்த்தபோது கோபம் வந்தது. தலித் தலைவர்கள் எதிர்க்கட்சி மேடைகளில் ஏறுவதை அவர் காட்டுகிற இடத்தில் எனக்கு அந்த உறுத்தல் இன்னும் இருக்கிறது. அவர்களுக்கு இருந்த நெருக்கடியை ஒருவர் உள்ளிருந்து எடுத்திருந்தால் வேறு மாதிரி எடுத்திருப்பார்.

அதே நேரம், இந்த 14 வருடத்தில் மராத்தி சேரிப் பாட்டுகளை இவ்வளவு பொறுமையாக, முழுப் பாட்டாக, பாடுகிறவர் முகத்தோடு வேறு யார் பதிவு செய்தார்கள்? தொலைக்காட்சி செய்ததா? திரைப்படத் துறை செய்ததா? பாட்டை நடுவில் வெட்டாமல் விட்டிருக்கிறார் என்பதே எனக்குப் பெரிய மரியாதையாகப் பட்டது. அங்கே அவர் கருத்து பின்னால் போய்விடுகிறது. பாடுகிறவர்கள் படத்தை எடுத்துக்கொள்கிறார்கள்.

படத்துக்குப் பிறகு கபீர் கலா மஞ்ச் இளைஞர்கள் மீது வழக்கு வந்தபோது அவர்களுக்கான பாதுகாப்புக் குழுவில் இவர் நின்றார். திரைக்கடல் சொல்கிற "பிறகு என்ன செய்தார்" என்பதில் எனக்கு உடன்பாடு இந்த இடத்தில்தான். உறுத்தலும் இருக்கும், உடன்பாடும் இருக்கும். இரண்டில் ஒன்றை விட்டுத்தர மாட்டேன்.


ஒலிப்பதிவாளன்:

செம்மண்தெரு தோழர் சொன்ன அந்த "முழுப் பாட்டு" ஃபிலிமில் ரொம்பச் சிரமம். சிறிய டிஜிட்டல் வீடியோ கேமரா வந்ததால்தான் 14 வருடம் ஒரே விஷயத்தைப் பின்தொடர முடிந்தது. 11 நிமிடச் சுருளோடு 14 வருடம் சுற்ற முடியாது. கருவி மாறியதும் அவர் கேட்கிற விதமே மாறியிருக்கிறது. 1985 படத்தையும் 2011 படத்தையும் அடுத்தடுத்துப் பார்த்தால் காதிலேயே தெரியும்.


காக்கைச்சிறகு:

சரி, கேள்வி கேட்கும் முறை பற்றிச் சொன்னதில் பாதி ஏற்கிறேன். தலைவர்களையும் அப்படித்தான் கேட்கிறார் என்பது நியாயமான பதில். மீதிப் பாதி நிற்கிறது. தலைவருக்குப் பதில் சொல்ல மேடை இருக்கிறது, அந்தப் பையனுக்கு இல்லை. 30 வருடமாக அவன் அந்த ஒரு நொடி முழிப்போடு திரையில் உறைந்து நிற்கிறான். 'விவேக்' படத்திலும் சில இடங்களில் எனக்கு இதே வருத்தம். தபோல்கர், பன்சாரே, கல்புர்கி, கௌரி லங்கேஷ் கொலைகள், தாத்ரி, ஊனா தாக்குதல்கள், ரோஹித் வெமுலா தற்கொலை என்று நாலு மணி நேரம் ஓடுகிற படம். எதிர்த்தரப்பில் நிற்கும் சாதாரண மனிதன் ஏன் அங்கே போய்ச் சேர்ந்தான் என்று அறிய அதில் இன்னும் கொஞ்சம் நேரம் கொடுத்திருக்கலாம்.


சட்டப்புத்தகம்:

அந்தப் படம் 2018இல் ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் முழுநீளப் படங்களுக்கான முதல் பரிசு வாங்கியது. அடுத்த வருடம் கேரளத்தின் ஆவணப்பட விழாவில் காட்ட மத்திய அமைச்சகம் தணிக்கை விலக்குத் தரவில்லை. கேரள உயர் நீதிமன்றம் தலையிட்ட பிறகு காட்டினார்கள். அதே 2019 ஆகஸ்டில் ஹைதராபாத் பல்கலைக்கழகத்தில் 'ராம் கே நாம்' போட்ட மாணவர்களைப் போலீஸ் பிடித்துக்கொண்டுபோனது. 'யு' சான்றிதழ் வாங்கிய, தேசிய விருது பெற்ற, தூர்தர்ஷனில் வந்த படம் அது! தீர்ப்பு கையில் இருந்தாலும் அன்றைக்கு அந்த அறையின் மின்சாரத்தை நிறுத்துவதற்கு யாருக்கும் ஒரு தீர்ப்பும் தேவைப்படுவதில்லை. இன்னொன்று, தணிக்கைக்கு எதிராக மேல்முறையீடு செய்ய இருந்த தீர்ப்பாயத்தை 2021இல் கலைத்துவிட்டார்கள். இனி நேராக உயர் நீதிமன்றம்தான். சின்ன இயக்குநரின் பையில் அதற்குக் காசு இருக்காது.


மதுரைக்காற்று:

திரையிடுகிறவர்கள் தரப்பிலிருந்து ஒரு வார்த்தை. நாங்கள் ஒரு சின்ன பிலிம் சொசைட்டி. ஆவணப்படம் போட மண்டபம் கேட்டால் முதலில் சம்மதிப்பார்கள். மதியம் ஒரு போன் வரும். சாயந்திரம் சாவி இருக்காது. மொட்டை மாடியிலும் தொழிற்சங்க அலுவலகத்திலும் போட்டிருக்கிறோம்.

பட்வர்தனை மட்டும் பேசினால் இது பம்பாய்க் கதையாகிவிடும். மதுரையில் அமுதன் ஆர்.பி. 2003இல் 'பீ' எடுத்தார். தெருவில் மலம் அள்ளும் ஒரு பெண் துப்புரவுத் தொழிலாளியோடு கேமரா கூடவே நடக்கிறது, அவ்வளவுதான். பார்த்து முடிக்க நெஞ்சுரம் வேண்டும். அதே விஷயத்தை 2017இல் திவ்யபாரதி தமிழகம் முழுக்கச் சுற்றி 'கக்கூஸ்' ஆக எடுத்தார். அதற்குள் மனிதர் மலம் அள்ளுவதைத் தடைசெய்து 1993இல் ஒரு சட்டம், 2013இல் இன்னொரு சட்டம், 2014இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, எல்லாம் வந்தாயிற்று. குழியில் இறங்கிச் சாவது மட்டும் நிற்கவில்லை. பல ஊர்களில் 'கக்கூஸ்' திரையிட அனுமதி மறுத்தார்கள். அவர் யூடியூபில் போட்டுவிட்டார். மண்டபத்தில் நூறு பேர் பார்க்க விடாத படத்தை லட்சக்கணக்கானவர்கள் பார்த்தார்கள். அந்த வருடம் ஜூலையில் 2009ஆம் ஆண்டு மாணவர் போராட்ட வழக்கைத் தூசி தட்டி அவரைக் கைது செய்தார்கள்.

காக்கைச்சிறகு, "ஏற்கெனவே ஒப்புக்கொண்டவர்கள்தான் பார்க்கிறார்கள்" என்றீர்கள். 'கக்கூஸ்' பார்த்துவிட்டு எங்கள் கூட்டத்தில் எழுந்து பேசியவர்களில் ஒருவர் நகராட்சியில் மேற்பார்வையாளராக இருந்தவர். குழிக்குள் ஆளை இறக்கும் உத்தரவு தன் வாய் வழியாகவும் போயிருக்கிறது என்று எல்லோர் முன்னும் சொன்னார். அதற்கப்புறம் கூட்டத்தில் ரொம்ப நேரம் விவாதம். அந்த மனிதர் எந்த அணியிலும் சேர்ந்தவரில்லை.


புதுவாசகி:

எல்லாம் படித்தேன். பட்வர்தன் படம் ஒன்றுகூடப் பார்த்ததில்லை. எதிலிருந்து தொடங்கலாம்? நாலு மணி நேரப் படத்துக்கு முதலிலேயே தயாராக இல்லை.


செம்மண்தெரு:

'ஹமாரா ஷஹர்' பாருங்கள். நீளம் குறைவு. விலாஸ் கோக்ரே பாடுவதை அதில் முதலில் கேட்டுவிட்டு 'ஜெய் பீம் காம்ரேட்' போனால் அந்த இழப்பு என்னவென்று உங்களுக்கே புரியும்.


காக்கைச்சிறகு:

நான் 2023இல் வந்த 'வசுதைவ குடும்பகம்' என்பேன். அவர் பெற்றோர் முதுமையடைவதை வீட்டுக்குள்ளேயே பல வருடம் எடுத்தது. அப்பா, அம்மா, பெரியப்பாக்கள் வழியாகச் சுதந்திரப் போராட்டக் காலம் வருகிறது. அங்கே அவர் கேள்விகளில் அந்தக் குறுக்குவிசாரணைத் தொனி கிடையாது. அவரால் அப்படியும் கேட்க முடியும் என்று தெரிந்த பிறகுதான் என் மற்ற வருத்தங்கள் எனக்கே தெளிவாயின.


திரைக்கடல்:

புதுவாசகி, செம்மண்தெரு சொன்ன வரிசையிலேயே போங்கள், 'வசுதைவ குடும்பகம்' கடைசியில். 'ஹமாரா ஷஹர்' பார்க்கும் முன் 1981இல் பம்பாய் நடைபாதைவாசிகளை வெளியேற்றிய உத்தரவையும், அதை எதிர்த்த ஓல்கா டெல்லிஸ் வழக்கில் 1985 ஜூலையில் வந்த தீர்ப்பையும் ஒரு பக்கமாவது படித்துவிடுங்கள். வாழ்வாதார உரிமை உயிர்வாழும் உரிமைக்குள் அடங்கும் என்று சொன்ன அதே தீர்ப்பு, முறைப்படி அறிவிப்புக் கொடுத்து அகற்றலாம் என்றும் சொன்னது. படத்தில் திட்டுகிற அந்தப் பெண்ணின் கோபம் எங்கிருந்து வருகிறது என்பதற்கு அது உதவும்.

மதுரைக்காற்று, அந்த மேற்பார்வையாளர் பேசிய கூட்டத்தைப் பற்றித் தனி இழை தொடங்குங்கள். ஆவணப்படம் யாரைத் தொடுகிறது என்பதற்கு நாம் இங்கே எழுதிய எல்லாவற்றையும்விட அது நேரடியான சாட்சி. காக்கைச்சிறகும் நானும் அங்கே சண்டையைத் தொடர்கிறோம்.